ஜெனிஸ்ரனின் படத்துக்குப் பக்கத்தில் எரிந்த மெழுகுதிரி

1

முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: இந்தக் கதை நான் தேடிப் போனதல்ல. ஓர் ஆவணப்படத்துக்கு டேனிஷில் உபதலைப்பு எழுதப் போன இடத்தில் மாட்டிக்கொண்டது.

தொடக்கம் ஒன்று: "பிராண்டே நகரத்தில் அன்று பனி—" வேண்டாம். டென்மார்க் கதையென்றால் பனி பெய்தே ஆகவேண்டுமா என்ன?

தொடக்கம் இரண்டு: பவளராணி அக்கா, மன்னார்க்காரி, இங்கே காற்றாலைத் தொழிற்சாலையில் வேலை. 2009 மேயில், போர் முடிந்த கிழமையில், தன் மகன் ஜெனிஸ்ரனைத் தன் கையாலேயே இலங்கை ஆமியிடம் ஒப்படைத்தவர். "விசாரிச்சிட்டு விடுவம்" என்றார்கள். இன்னும் விடவில்லை. இதுவே இருக்கட்டும்.

2

கமராவுக்கு முன்னால் அவர் எல்லாவற்றையும் சொன்னார். பேருந்தில் ஏற்றியது, மகன் திரும்பிப் பார்த்தது, பெயர் பதிந்த அதிகாரியின் முகம். ஒளிப்பதிவாளன் நீக்கிலாஸ் அழுதுகொண்டேதான் எடுத்தானாம். நல்ல பிள்ளை. (அதுதான் வில்லங்கம். கெட்டவனாயிருந்தால் கதை எழுத எவ்வளவு சுகம்!)

தொகுத்ததை அக்காவுக்குக் காட்ட அவனும் நானும் போனோம். மடிக்கணினியில் படம் ஓடத் தொடங்கியதுதான் தாமதம், அவர் எழும்பிவிட்டார்.

"ஆர் என்ர பிள்ளைக்கு மெழுகுதிரி கொளுத்தினது?"

திரையில் அவருக்குப் பின்னால் அலமாரி, அதில் ஜெனிஸ்ரனின் படம், பக்கத்தில் ஒரு சுடர். அன்று அவர் அதற்கு முதுகைக் காட்டி இருந்ததால் காணவில்லை. டேனிஷ்காரர் காலைச் சாப்பாட்டு மேசையிலும் மெழுகுதிரி கொளுத்துகிறவர்கள். அழகாக இருக்குமென்று நீக்கிலாஸ் வைத்துவிட்டான். எங்கள் வீடுகளில் மாதாவுக்கு முன்னால் எரிந்தால் அது செபம். ஒருவருடைய படத்துக்கு முன்னால் எரிந்தால் அவர் இறந்துவிட்டார்.

நான் விளக்கியதும் அவன் முகம் செத்துப்போயிற்று. "சுடரைக் கணினியில் அழித்துவிடலாம், யாருக்கும் தெரியாது" என்றான். அக்காவிடம் சொன்னேன்.

"அழிக்கிறதோ? அழிச்சுப்போட்டு ஒண்டும் நடக்கேல்லையெண்டு சொல்லுறது என்ர பிள்ளையைக் கொண்டுபோனவங்கட வேலை. என்ர சாட்சியத்தில அது வேண்டாம்."

"அப்ப திரும்ப ஒருக்காச் சொல்லுவீங்களோ, அக்கா?"

"ஏலாது தம்பி. ஒருக்காச் சொன்னதே நெஞ்சு வெடிச்சுப் போச்சு."

3

இங்கே எனக்கு வசதியான வழிகள் இருந்தன.

[அ. அக்கா மன்னிக்கிறார், படம் பரிசு வாங்குகிறது. சீ!]

[ஆ. காட்சியை வெட்டுகிறார்கள். அந்த அதிகாரியின் முகத்தைப் பற்றி அக்கா சொன்னதும் அதோடு போய்விடுகிறது. இதை எழுத எனக்கு மனம் வரவில்லை, அவ்வளவுதான்.]

நடந்தது இது. அக்கா முகம் கழுவிக்கொண்டு வந்து கதிரையில் இருந்தார். "கமராவை எடுத்துப் பூட்டச் சொல்லும்" என்றார். நீக்கிலாஸ் காரிலிருந்து கமராவைக் கொண்டுவந்து பொருத்தினான். பிறகு நேராகப் பார்த்துச் சொன்னார்:

"இனி நீங்கள் பாக்கப்போற மெழுகுதிரி நான் கொளுத்தினதில்லை. என்ர பிள்ளை செத்தவனெண்டு ஒருத்தரும் எனக்குக் காட்டேல்லை. கொண்டுபோனவங்கள் வந்து காட்டட்டும். பிறகு நானே கொளுத்துறன்."

படம் இப்போது இப்படித்தான் தொடங்குகிறது. ஒரு சுடரையும் அழிக்கவில்லை.

4

இந்தக் கதையை அக்காவுக்கு வாசித்துக் காட்டினேன். கடைசிப் பந்தி அப்போது இப்படி இருந்தது: "வாசல் மணி அடித்தது. பவளராணி அக்கா ஓடிப்போய்க் கதவைத்—"

கையைக் காட்டி நிறுத்திவிட்டார்.

"தம்பி, அவன் வந்தானெண்டும் எழுதாதையும், வரமாட்டானெண்டும் எழுதாதையும். அதைச் சொல்லவேண்டியவங்கள் உயிரோட இருக்கிறாங்கள். அவங்களிட்டக் கேளும்."

ஆகவே நான் முடிக்கவில்லை, முடிக்கவும் மாட்டேன். வாசகரே, முடிவு வேண்டுமென்றால் என்னிடம் வராதீர்கள். யாரிடம் கேட்பதென்று அக்கா சொல்லிவிட்டார். கேட்கும்போது பெயரைச் சொல்லியே கேளுங்கள்: ஜெனிஸ்ரன் எங்கே?