ஸ்கேன் எங்க எடுத்தீங்க?

1

இந்தக் கதை ஒரு கேள்வியிலிருந்து வந்தது. யார் கேட்க வேண்டுமோ அவர்தான் கேட்டார். யாரிடம் கேட்க வேண்டுமோ அவளிடம் கேட்கவில்லை. என் கண்ணெதிரே நடந்தது அவ்வளவுதான், மீதியெல்லாம் என் கைச்சரக்கு.

போன மாசியில் மாடிப்படியில் சறுக்கி முழங்காலில் அடிபட்டேன். எக்ஸ்ரேயில் சரியாகத் தெரியவில்லை, சி.டி. ஸ்கேன் எடுத்து வாருங்கள் என்று எலும்பு மருத்துவர் அனுப்பினார். சேலத்தில் ஒரு ஸ்கேன் சென்டருக்குப் போனேன். பெயர் சொல்லமாட்டேன். சொன்னால், குற்றம் அந்த ஒரு கட்டடத்துக்குள் அடங்கிவிட்டதாக நினைத்து நிம்மதியாகிவிடுவீர்கள். கவுன்ட்டரில் இருந்தவர் கம்ப்யூட்டரிலிருந்து தலையைத் தூக்காமலே கேட்டார்.

"இதுக்கு முன்னாடி ஸ்கேன் எடுத்திருக்கீங்களா? எங்க எடுத்தீங்க?"

"நாமக்கல்லுல எடுத்தனுங்க."

"ஊரக் கேக்கலீங்க. ஒடம்புல எங்க?"

ஹாலில் எல்லோரும் சிரித்தார்கள். எதிர் வரிசையில் மாவுக்கட்டுப் போட்ட காலை ஸ்டூலில் நீட்டி உட்கார்ந்திருந்த ஒரு பெண்ணும் சிரித்தாள். இருபத்தைந்து வயதுக்குள்தான் இருக்கும். பக்கத்தில் மாமியார். [மாமியார் என்று எனக்கு எப்படித் தெரியும்? அவளுக்குத் தண்ணீர் பாட்டிலைக் கொடுக்கும்போது 'எம் பையன் கேட்டா என்ன சொல்றது' என்று புலம்பியதை வைத்து.]

கர்ப்பமா என்று கேட்க வேண்டிய இடம் வந்ததும் கவுன்ட்டர்க்காரர் என் நரையைப் பார்த்தார், அவரே 'இல்லை' என்று தட்டிக்கொண்டார். எனக்கு ஐம்பத்தொன்று. கேட்டிருந்தால் நானும் இல்லை என்றுதான் சொல்லியிருப்பேன். ஆனாலும் கேட்டிருக்கலாம்.

அந்தப் பெண்ணின் முறை வந்தது. கவுன்ட்டர்க்காரர் இருந்த இடத்திலிருந்தே ஹாலைத் தாண்டிக் குரல் கொடுத்தார். அவளைப் பார்த்து அல்ல, மாமியாரைப் பார்த்து.

"ஏம்மா, பொண்ணுக்கு நாள் எதும் தள்ளிப் போயிருக்குதா?"

"அதெல்லாம் விசேசம் ஒன்னுமில்லீங்க. நாலு வருசமா இல்லாதது இப்ப எங்கீங்க வருது."

இந்த முறையும் ஹாலில் இரண்டு பேர் சிரித்தார்கள். அந்தப் பெண் வாயைத் திறந்தாள். அதற்குள் பெயரைக் கூப்பிட்டு, சக்கர நாற்காலியில் உட்காரவைத்து உள்ளே தள்ளிக்கொண்டு போய்விட்டார்கள்.

2

தொடக்கங்கள்:

'ஜவ்வரிசி மில்லின் ஈரத் தரையில் வழுக்கி விழுந்தபோது அவளுக்கு முதலில் நினைவு வந்தது கால் அல்ல—'

இல்லை. இதை இப்போதே சொல்லிவிட்டால் நீங்கள் கண்ணைத் துடைக்கத் தயாராகிவிடுவீர்கள். எனக்கு வேண்டியது உங்கள் கண்ணீர் இல்லை.

'எலும்புக்கான சி.டி. ஸ்கேன் என்பது நோயாளிகள் அஞ்ச வேண்டிய ஒன்றல்ல—'

இது ஆஸ்பத்திரிச் சுவரில் ஒட்டியிருக்கும் வாசகம். இதைப் படித்து எவரும் அஞ்சாமல் இருந்ததாக எனக்குத் தெரியவில்லை.

பெயர் வைப்பதிலும் தகராறு. முதலில் இலக்கியா என்று வைத்தேன். அந்தப் பெயருக்கு யாராவது உள்ளர்த்தம் கண்டுபிடித்துக் கட்டுரை எழுதுவார்கள், கணுக்கால் உடைந்தவள் அம்போ என்று போய்விடுவாள். ஆகவே கலைமணி. மாமியார் சாலம்மாள். கணவன் அன்பரசு ரிக் வண்டியில் ஆழ்துளைக் கிணறு போடப் போகிறவன், வருடத்தில் பாதி நாள் வடக்கே. ராசிபுரத்துக்குப் பக்கத்தில் ஊர். கலைமணி ஜவ்வரிசி மில்லில் மரவள்ளிக் கிழங்குப் பால் வழியும் தரையில் வழுக்கி விழுந்து கணுக்கால் எலும்பு உடைந்தது. உடைந்த துண்டுகள் மூட்டுக்குள் எப்படிக் கிடக்கின்றன என்று பார்த்தால்தான் பிளேட் வைப்பதா, கட்டோடு விடுவதா என்று சொல்லமுடியும். அதற்குத்தான் சி.டி.

3

'விசேசம்' என்ற சொல்லைப் பற்றி ஒரு பக்கம் எழுதி அடித்தேன். இவ்வளவு மட்டும் மிச்சம்.

நாலு வருடமாகக் கலைமணியைப் பார்க்கிறவர்கள் எல்லாம் அந்தச் சொல்லோடுதான் வருவார்கள். கல்யாண மண்டபத்தில் பந்திக்கு நிற்கும்போது, பஸ் நிறுத்தத்தில், மில் வாசலில். "ஏனுங் கண்ணு, ஏதாச்சும் விசேசமா?" கேட்க உரிமை இல்லாதவர்களும், கேட்டு ஆகப்போவது ஒன்றும் இல்லாதவர்களும் கேட்டார்கள். அந்தக் கேள்வி ஒரு மருத்துவக் காரணத்துக்காகக் கேட்கப்பட வேண்டிய ஒரே இடத்தில், ஒரே நாளில், அவளை விட்டுவிட்டு அடுத்தவரிடம் கேட்டார்கள். எனக்கு வருகிற கோபத்துக்கு இதற்குமேல் எழுதினால் கெட்ட வார்த்தை வந்துவிடும்.

அன்றைக்கு அவளுக்கு நாள் தள்ளிப் போயிருந்தது. [இது என் கற்பனை. அந்தப் பெண் வாயைத் திறந்தாள் என்பது மட்டும் நிஜம். திறந்த வாயில் என்ன இருந்திருக்கும் என்று யோசித்து யோசித்துத்தான் இந்தக் கதை.]

அப்படியானால் ஏன் சொல்லவில்லை? இங்கேதான் கலைமணி மீது எனக்கே சந்தேகம் வந்தது. கத்திச் சொல்லியிருக்கலாமே என்று அவளோடு சண்டை போட்டேன். அவள் தரப்பில் ஒரு நியாயம் இருந்தது. இரண்டு வருடம் முன்பும் இப்படித் தள்ளிப்போனது. வாய்விட்டாள். சாலம்மாள் சந்தோஷம் தாங்காமல் தெரு முழுக்கச் சொல்லி, கோயிலுக்குப் பொங்கல் வைக்க நேர்ந்துகொண்டார். மறுநாளே தீட்டு வந்து தலைக்கு ஊற்ற வேண்டியதாகிவிட்டது. பிறகு ஒரு மாதம் அவள் வாசலுக்கு வரவில்லை. இந்த முறை உறுதியாகும்வரை மூச்சுவிடுவதில்லை என்று இருந்தாள். அதையும் ஸ்கேன் சென்டர் ஹாலில், சிரிக்கிற ஆட்களுக்கு நடுவில், மாமியார் சொன்னதை மறுத்துச் சொல்ல வேண்டுமாம். உங்களால் முடியுமா?

சாலம்மாளைக் கெட்டவராக்கச் சொல்லி எழுத்து இழுத்தது. விடவில்லை. அவரிடம் கேட்டார்கள், அவர் தெரிந்ததைச் சொன்னார். கேட்டவன்தான் தப்பு.

4

உள்ளே நடப்பது. (நான் போய்ப் படுத்தவள் என்பதால் தைரியமாகச் சொல்கிறேன்.)

குகை மாதிரி மூடிக்கொள்ளும் என்று பயந்திருந்தேன். இல்லை, பெரிய வளையம்தான். மேசை உங்களைக் கொஞ்சம் உள்ளே கொண்டுபோய் வெளியே விடும். வலி கிடையாது. எலும்பு முறிவைப் பார்க்க மட்டும் என்றால் பெரும்பாலும் ஊசிமருந்தும் கிடையாது. எடுக்கிற இடத்தில் உலோகம் இருக்கக்கூடாது, அசையக்கூடாது. சில நிமிட வேலை. இதைச் சொல்ல எவ்வளவு நேரம் ஆனது? எனக்கு யாரும் சொல்லவில்லை.

கலைமணியிடம் "தாலியக் கழட்டிக் குடுங்க" என்றார்கள். ஸ்கேன் கணுக்காலுக்கு. கழற்ற வேண்டியது கொலுசும் மெட்டியும். எந்த இடத்துக்கு எடுக்கிறோம் என்று யோசித்துச் சொல்லச் சோம்பல்பட்டு, வருகிறவர்களிடமெல்லாம் எல்லாவற்றையும் கழற்றச் சொல்லிவிடுகிறார்கள்.*

பிறகு அசையாதே என்று சொல்லிவிட்டு எல்லோரும் கண்ணாடிக்குப் பின்னால் போய்விட்டார்கள். பயப்பட ஒன்றும் இல்லையென்றால் இவர்கள் ஏன் ஓடுகிறார்கள் என்று அவளுக்குப் பட்டது. (நாள் முழுக்க, வருடம் முழுக்க அங்கேயே நிற்பவர்கள் என்பதால் ஒதுங்குகிறார்கள். இதையும் யாரும் சொல்லவில்லை.) வெளியே தள்ளிக்கொண்டு வரும்போதுதான் கதவில் ஒட்டியிருந்த படத்தைப் பார்த்தாள். வயிறு பெரிதான ஒரு பெண் உருவம், மேலே சிவப்பில் குறுக்குக் கோடு.

* இந்த அடிக்குறிப்பு தேவையில்லை என்று நண்பர் ஒருவர் சொன்னார். அவர் தாலி கட்டியவர், கட்டிக்கொண்டவர் அல்ல.

5

என் ரிப்போர்ட்டை வாங்கப் போனபோது ஸ்கேன் மருத்துவரைப் பார்த்தே தீருவேன் என்று உட்கார்ந்தேன். இளவயதுப் பெண், ஆத்தூர்க்காரர். கதைக்கு என்று சொல்லாமல் கேட்டேன்.

"வயித்துல இருக்கறது தெரியாம ஒரு பொண்ணு கணுக்காலுக்கு சி.டி. எடுத்துட்டா என்னாகும்?"

"எடுத்தது கணுக்கால்தானே? எக்ஸ்ரே கதிர் போறது கணுக்காலுக்கு. வயித்துக்குச் சிதறி வர்றது இல்லவே இல்லைங்கற அளவுக்குக் கம்மி. அதனால குழந்தைக்கு ஒன்னும் ஆகாது. முன்னாடியே சொன்னா நல்லது, யோசிச்சு எடுப்போம். தெரியாம எடுத்துட்டா, அதுக்காகக் கலைக்கவே தேவையில்ல."

"இடுப்புன்னா?"

"இடுப்பு, அடிமுதுகுன்னா கதிர் நேரா அங்கதான் போகும். அப்பக் கணக்கு வேற. கண்டிப்பா டாக்டர்கிட்ட உட்கார்ந்து பேசணும். அதுல கூடப் பெரும்பாலும் கலைக்கச் சொல்ற அளவுக்கு வராது." என் ரிப்போர்ட்டைக் கவருக்குள் போட்டுக்கொண்டே சொன்னார். "போன வருஷம் ஒரு பொண்ணு கலைச்சுட்டு வந்து என்கிட்ட சொல்லுச்சு. எடுத்தது மணிக்கட்டு."

"இதக் கதவுல எழுதி ஒட்டலாமே."

"ஒட்டினா இடுப்புக்கு எடுக்க வர்றவங்களும் ஒன்னும் ஆகாதுன்னு சொல்லாம உள்ள வந்துடுவாங்க."

நியாயமான பதில். அதனால்தான் கோபம் இன்னும் ஏறியது. போர்டு வேண்டாம். ஒரு திரைச்சீலை போதும். அதற்குப் பின்னால் ஒரு பெண் நின்று, வருகிற பெண்ணிடம், அவளிடம் மட்டும், தாழ்ந்த குரலில் கேட்டால் போதும். ஏசி வைக்க இடமிருக்கிற கட்டடத்தில் திரைக்கு இடமில்லை.

6

பிளேட் வேண்டாம், கட்டோடு விடலாம் என்று ஸ்கேனைப் பார்த்த எலும்பு மருத்துவர் சொல்லிவிட்டார். இரண்டு வாரம் கழித்து சேலத்துக்கு மறுபடி காட்ட வந்தார்கள். அதற்கு முந்தின நாள், மில் தோழி வாங்கிக் கொடுத்த கிட்டில் இரண்டு கோடு வந்திருந்தது.

நாலு வருடம் காத்திருந்தவள் அந்த இரண்டு கோட்டைப் பார்த்து அழுதாள். சந்தோஷத்தில் என்று எழுத எனக்கும் ஆசைதான். அவளுக்குக் கதவில் இருந்த படம் ஞாபகம் வந்துவிட்டது.

மருத்துவரிடம் கேட்க முடியவில்லை, சாலம்மாள் பக்கத்திலேயே இருந்தார். சாலம்மாளிடமும் சொல்ல முடியவில்லை. 'தெரிஞ்சிருந்துமா போய்ப் படுத்த?' என்றுதான் முதலில் கேட்பார். மாமியார் டீ வாங்கப் போன நேரத்தில் தனியாகக் கிடைத்தது மெடிக்கல் கடைக்காரர் மட்டும்தான். அவருக்குப் பெயர் வைக்கவில்லை. வைத்தால் அவருக்கும் பிள்ளைகுட்டி, கடைவாடகை எல்லாம் வந்துவிடும், என் கோபம் தணிந்துவிடும்.

"எங்கக்கா பொண்ணுக்குக் கேக்கறனுங்க. உண்டாயிருக்கறது தெரியாம ஸ்கேன் எடுத்துட்டா ஏதாச்சும் ஆகுங்களா?"

"என்ன ஸ்கேனு?"

"சீட்டி ஸ்கேனுங்க."

"எங்க எடுத்தாங்க?"

"சேலத்துலீங்க."

கவுன்ட்டர் உயரமாக இருந்தது. மாவுக்கட்டுப் போட்ட கால் அவருக்குத் தெரியவில்லை. உண்டான பெண், ஸ்கேன் என்றால் வயிறு என்று அவரே முடிவு செய்துகொண்டார்.

"சீட்டின்னா கதிருங்க. கொழந்த ஊனமாத்தான் பொறக்கும். எத்தன நாளாச்சு? மாத்தர குடுக்கறன், முடிச்சுக்கச் சொல்லுங்க."

ஹாலில் நான் 'நாமக்கல்லுல' என்றபோது 'ஊரக் கேக்கலீங்க' என்று திருத்த ஒருவர் இருந்தார். அன்றைக்கு எல்லோரும் சிரித்தோம்.

7

முடிவுகள்:

அ. கலைமணி மாத்திரையைப் போட்டுக்கொள்கிறாள். விடியும்போது—

மாட்டேன். அந்த வலியை அழகான வாக்கியமாக்கி உங்களிடம் பாராட்டு வாங்க எனக்கு இஷ்டமில்லை.

ஆ. வழியில் ஆத்தூர் டாக்டரம்மா எதிரே வந்து, எல்லாவற்றையும் விளக்கி, அன்பரசு வடக்கேயிருந்து இனிப்போடு வந்து இறங்குகிறான். பொய். ஸ்கேன் மருத்துவர் உள்ளறையில் படம் பார்க்கிறார். நோயாளி கைக்கு வருவது கவர் மட்டும், அதற்குள் இங்கிலீஷில் ஒரு தாள். நான் பிடிவாதமாக உட்கார்ந்ததால் பார்த்தேன். காலுடைந்த மருமகளை யார் உட்கார விடுவார்கள்?

இ. சாலம்மாள் மாத்திரையைக் கண்டுபிடித்து— இதையும் பாதியில் விட்டேன். இந்த ஒரு முறையாவது கலைமணிக்குத் தானே முடிவு செய்ய இடம் கொடுக்க வேண்டும். அதற்கு அவளுக்கு விஷயம் தெரிந்திருக்க வேண்டும்.

8

ஆகவே முடிவு எழுதவில்லை. இடம் மட்டும் சொல்கிறேன்.

சேலத்திலிருந்து ராசிபுரம் வழியாக நாமக்கல் போகும் பஸ். மல்லூர் தாண்டிவிட்டது. நல்ல கூட்டம். சாலம்மாளுக்கு பஸ்ஸின் முன்பக்கம் ஒரு இடம் கிடைத்தது. காலை நீட்டிக்கொள்ள வசதியாக நடுவில் ஒரு சீட்டின் ஓரத்தைக் கண்டக்டர் கலைமணிக்குக் காட்டினார். அந்தச் சீட்டில் ஜன்னலோரம் உட்கார்ந்திருப்பது நீங்கள். அவள் மடியில் பெரிய ஸ்கேன் கவர். அதற்குள் படத்தோடு ஒரு பழுப்பு உறையில் மாத்திரை. இன்றைக்குச் சாப்பிட்டதும் போட்டுக்கொள்ளச் சொல்லியிருக்கிறார் கடைக்காரர்.

அவளுக்குத் தெரியாதது உங்களுக்குத் தெரியும். இவ்வளவு நேரம் நான் கத்தியது அதற்காகத்தான். விசேஷமா என்று மட்டும் கேட்காதீர்கள், அதை ஊரே கேட்டு முடித்துவிட்டது. காலில் ஆரம்பியுங்கள். மாவுக்கட்டைப் பார்த்தால் யாரும் கேட்பதுதான்.

"கால்ல என்னாச்சுங்க?"

"மில்லுல வழுக்கி உளுந்துட்டனுங்க. ஸ்கேனெல்லாம் எடுத்துப் பாத்தாச்சு."

"ஸ்கேன் எங்க எடுத்தீங்க?"

அவள் உங்களைப் பார்க்கமாட்டாள். கவரை வயிற்றோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டு, "சேலத்துலீங்க" என்பாள்.

அதோடு விட்டுவிடாதீர்கள். ராசிபுரம் வர இன்னும் கொஞ்ச தூரம் இருக்கிறது.