வெள்ளை பூத்த சாக்லேட்

விலை ஏறப்போகிறது என்று யாராவது முன்கூட்டிச் சொல்லிவிட்டா ஏற்றுகிறார்கள்? கோகோ வெண்ணெய் விற்கும் இறக்குமதிக்காரன் வாரத் தொடக்கத்தில் ஒரு விலை சொன்னான், வாரம் முடிவதற்குள் இன்னொரு விலை சொன்னான். கேட்டால், எங்கோ கடல் தாண்டி மரமெல்லாம் நோய் பிடித்துக் கிடக்கிறதாம். நாடு முழுக்க இதுதான் விலை, வேண்டுமானால் எடு, இல்லாவிட்டால் ஆளை விடு என்றான். அண்ணன் போனை வைத்துவிட்டு, கழுவிக் கவிழ்த்திருந்த அச்சுத் தட்டுகளையே பார்த்துக்கொண்டு நின்றான்.

அண்ணன் சாக்லேட் காய்ச்சுகிறவன், தங்கை அதை விற்கிறவள். பட்டறை என்று பேர்தானே தவிர, வீட்டின் பின்பக்கம் நீளமான ஓர் அறை. இரண்டு உருக்கும் சட்டிகள், ஒரு பளிங்கு மேஜை, குளிர்பெட்டி, உறை சுற்றுவதற்குப் பக்கத்துத் தெருப் பெண்கள் இருவர். அவ்வளவுதான். தங்கை குளுகுளு அறையில் உட்கார்ந்து பார்த்த உத்தியோகத்தை உதறிவிட்டு இதற்குள் வந்தவள். "எங்க அண்ணன் கைப்பதத்துக்கு ஊரே வரிசையில நிக்கும்" என்று சொல்லிக்கொண்டு வந்தாள். ஊர் வரிசையில் நிற்கவில்லை. ஒரே ஒரு மொத்தக்கடைக்காரர் நின்றார். கடைவீதியில் அவருக்குக் கறார் என்று பேர். எந்தச் சரக்கு வந்தாலும் தராசில் போட்டுப் பார்த்துவிட்டுத்தான் வணக்கமே சொல்லுவார். அவர் கடையில் கொடுத்திருந்த ஓர் அலமாரியில்தான் இவர்கள் பிழைப்பு மொத்தமும் இருந்தது.

பெரிய கம்பெனிகளுக்கு என்ன வந்தது? உறையை அப்படியே வைத்துக்கொண்டு உள்ளே இருப்பதை இளைக்க வைத்துவிட்டார்கள். விலையும் பழைய விலைதான், படமும் பழைய படம்தான். பிரிக்கிற வரைக்கும் யாருக்குத் தெரியும்? பிரித்தபின் யார் தராசைத் தேடுகிறார்கள்? கறார் அதையும் பார்த்துவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டார். ஆனால் விளம்பரம் வருகிற சரக்கை அவரால் வேண்டாம் என்று சொல்ல முடியுமா? அந்தக் கோபத்தையெல்லாம் சேர்த்து வைத்துத் தங்கையிடம் காட்டினார்.

"எடையும் குறையக் கூடாது, விலையும் ஏறக் கூடாதும்மா. ஏத்தினா உன் சரக்கு அலமாரியிலேயே கெடந்து தூசி தின்னும். முடியலன்னா இப்பவே சொல்லிடு, வேற ஆளுக்கு விட்டுடுறேன்."

முடியும் என்று சொல்லிவிட்டு வந்தாள் அந்தப் புண்ணியவதி. "எப்படியாவது சமாளிச்சிடலாம் அண்ணா. உன்னால முடியாததா?"

அந்த வார்த்தைதான் அண்ணனைக் கொன்றது. முடியாது என்று அவளிடம் சொல்ல அவனுக்கு வாய் வரவில்லை. மறுநாள் அவள் கடைவீதிக்குப் போன சமயம் பார்த்து, பேர் போடாத வாளிகளில் தாவரக் கொழுப்பு வாங்கி வந்து சட்டிக்குப் பின்னால் ஒளித்து வைத்தான்.

முழுக்கத் தாவரக் கொழுப்பில் செய்கிற சாக்லேட்டும் சந்தையில் உண்டு. மட்டச் சரக்கு. ஆனாலும் பார்வைக்கு ஒரு குறையும் வராது. உறையிலேயே அப்படிப் போட்டு மலிவாக விற்கிறார்கள். அண்ணனுக்கு அதற்கும் மனசு வரவில்லை. நல்லவனாகவும் இருக்க வேண்டும், கட்டுப்படியாகவும் வேண்டும். ஆகவே பாதி கோகோ வெண்ணெய், பாதி தாவரக் கொழுப்பு. இந்த இரண்டும் ஒரு சட்டியில் பங்காளிகள் மாதிரி என்பது அவனுக்குத் தெரியாமல் இல்லை. முதலில் சிரித்துக் குலாவும், சில வாரம் போனால் முறைத்துக்கொண்டு பிரியும். பிரிந்தால் மேலே வெள்ளை பூக்கும். தெரிந்தேதான் ஊற்றினான். அதற்குள் விற்றுத் தீர்ந்துவிடும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான். விற்றுத் தீரவில்லை.

ஒரு மத்தியானம் தங்கை வாடகை வண்டி நிறையப் பெட்டிகளோடு வந்து இறங்கினாள். முகம் சிவந்திருந்தது.

"என்னம்மா இதெல்லாம்?"

"அத்தனையும் வெளுத்துப்போச்சு அண்ணா. கறார் பார்த்ததும் கலப்படம்னு சொல்லிட்டாரு, நாலு கடைக்காரங்க முன்னாடி! நான் விடுவேனா? 'உங்க கிடங்கு அடுப்பு மாதிரி கொதிக்குது, வெயில்ல உருக்கிட்டு எங்க தலையில கட்டாதீங்க'ன்னு புடிபுடின்னு புடிச்சிட்டேன். எங்க அண்ணன் கலப்படம் பண்ணியிருந்தா இந்த வாசல்ல இனிமே கால் வைக்க மாட்டேன்னும் சொல்லிட்டேன்."

ஒரு பெட்டியைப் பிரித்து நீட்டினாள். சாக்லேட்டின் மேல் சாம்பல் தூவினாற்போல் இருந்தது.

"சூட்டுலதானே அண்ணா இப்படி ஆச்சு?"

இப்போது சொல்லியிருக்கலாம். திட்டியிருப்பாள், அழுதிருப்பாள், இரண்டு நாள் பேசாமல் இருந்திருப்பாள். ஆனால் நாலு பேர் முன்னால் தனக்காகச் சண்டை போட்டுவிட்டு வந்து நிற்கிறவளிடம் எப்படிச் சொல்லுவது?

"சூடுதான்" என்றான் அண்ணன்.

அவள் நிம்மதியாக மூச்சு விட்டாள். உடனே சேலையை இழுத்துச் செருகிக்கொண்டாள். "அப்போ கவலையே இல்ல. சூட்டுல வெளுத்ததை மறுபடி உருக்கிப் பதம் புடிச்சா பழையபடி ஆயிடும்னு நீதானே சொல்லிக் குடுத்த? அதைச் சொல்லித்தான் கறாரைச் சம்மதிக்க வச்சிருக்கேன். கடைசித் தடவைன்னாரு. இன்னொரு வாட்டி வெளுத்தா அலமாரியும் கெடையாது, கடைவீதியில எவனும் நம்மகிட்ட வாங்கவும் மாட்டான்னாரு. எங்கே வெளுக்கப் போவுது?"

அண்ணன் பெட்டியை வாங்கி மேஜையில் வைத்தான். சூட்டில் வெளுத்தது திரும்பும், உண்மைதான். கலந்தது எத்தனை தடவை உருக்கினாலும் சில வாரத்தில் மறுபடி வெளுக்கும். புதிதாகக் காய்ச்சலாம் என்றால் கோகோ வெண்ணெய் அவன் எட்டிப் பிடிக்கிற விலையிலா இருக்கிறது? இறக்குமதிக்காரன் காலையில்தான் இன்னொரு தடவை ஏற்றியிருந்தான்.

உறை சுற்றும் பெண்கள் தரையில் உட்கார்ந்து, அவர்களே சுற்றிய உறைகளை ஒவ்வொன்றாகப் பிரித்துப்போட்டார்கள். தங்கையும் அவர்களோடு உட்கார்ந்து, கறார் எப்படி வாயடைத்து நின்றார் என்று நடித்துக் காட்டினாள். அறை முழுக்கச் சிரிப்பு. அண்ணன் வெளுத்த கட்டிகளைச் சட்டியில் போட்டு உருக்கினான். பளிங்கு மேஜையில் ஊற்றி, பரப்பி, வழித்து, பதம் பார்த்தான். கை தன்பாட்டுக்கு வேலை செய்தது. அச்சில் ஊற்றிக் குளிரவைத்து, முதல் தட்டைக் கவிழ்த்துத் தட்டினான்.

பளபளவென்று விழுந்தன. முதல் நாள் எப்போதும் அப்படித்தான் விழும்.

"பார்த்தியா! பார்த்தியா!" தங்கை ஒரு கட்டியை எடுத்து வெளிச்சத்தில் காட்டினாள். அவள் கண் கலங்கியிருந்தது. "மனுஷன் என்னை எவ்வளவு பேச்சுப் பேசினாரு. நாளைக்கு முதல் பெட்டியை நானே அவர் முன்னாடி பிரிச்சு வைக்கிறேன்."

அண்ணன் அடுத்த தட்டை எடுத்தான்.

"அண்ணா, உறை அச்சடிக்கிறவர்கிட்டயும் சொல்லிட்டேன். இந்தத் தடவை நம்ம பேருக்குக் கீழே, 'கலப்படம் இல்லாதது'ன்னு கொட்டை எழுத்துல போடச் சொல்லியிருக்கேன். நல்லா இருக்கும்ல?"

"நல்லா இருக்கும்மா" என்றான் அவன்.