மகுடகிரி இல்லை

தன் நாட்டின் மானத்தைக் காக்க ஓர் அரசர் தன்னந்தனியாகப் படையெடுத்துச் சென்ற வரலாற்றுச் சிறப்புமிக்க நாள் அது. படையெடுத்த இடம் அகராதி அலுவலகத்தின் இரண்டாம் மாடி. லிஃப்ட் பழுது. வாளைத் தூக்கிக்கொண்டு படியேறியதில் மன்னருக்கு மூச்சு வாங்கியது. முதலில் தண்ணீர்தான் கேட்டார்.

ஒரு சொல் முதன்முதலில் வந்த மூலம் மேசைமேல் இருந்தால்தான் அது அகராதியில் ஏறும் என்பது அங்கே விதி. கோட்டை, மாறுவேட இளவரசன், கத்திச்சண்டை, காதல் என்று கற்பனை ராஜ்ஜியங்களுக்கே உரிய சங்கதிகளைக் குறிக்கும் 'மகுடகிரித்தனமான' என்ற சொல்லுக்கு மூலம் ஒரு பழைய நாவல். இருந்த ஒரே பிரதியில், கதை நடக்கும் மகுடகிரி நாட்டின் பெயர் வரும் பக்கத்தைப் பூச்சி தின்றுவிட்டது. வெள்ளிக்கிழமைக்குள் 'ம' வரிசையை முடித்தால்தான் தற்காலிக உதவி ஆசிரியைக்கு வேலை நிரந்தரம். அவசரத்தில் அவள், 'மூலத்தைச் சமர்ப்பிக்கவும்' என்ற வழக்கமான கடிதத்தைப் பதிப்பாளருக்குப் பதிலாக மகுடகிரி அரண்மனைக்கே அனுப்பிவிட்டாள். கடிதம் போய்ச் சேர்ந்தது. வழியில் பாலம் மட்டும் மோசம் என்றார் தபால்காரர்.

ஆகவே, மூலம் என்ற முறையில் மன்னர் மேசைமேல் உட்காரவைக்கப்பட்டார். தலைமை ஆசிரியர் பக்க எண் கேட்டார். உதவி ஆசிரியை பொருள் விளக்கத்தைப் படித்துக் காட்டினாள். 'இல்லாத நாட்டுக்குரிய' என்று அது தொடங்கியது.

“இல்லாத நாடா? அப்ப நான் யாரு, உங்க மாமனாரா?” என்று மன்னர் வாளை உருவினார்.

“உள்ள வைங்க சார், ஃபேன்ல பட்டுடப்போகுது,” என்றாள் அவள்.

நாடு இருக்கிறதென்றால் சொல் பூகோளத் தொகுதிக்குப் போய்விடும்; 'ம' வரிசை முடியாது; அவளும் வீட்டுக்குப் போகவேண்டியதுதான். எனவே, இருக்கிற நாடுகள் நிரப்பவேண்டிய அறுபத்துநான்கு பக்கப் படிவத்தை எடுத்துவந்து ஒவ்வொரு கேள்வியாகக் கேட்டாள். எல்லை வரைபடம், மக்கள்தொகை, சாக்கடை வசதி.

“சாக்கடையா? முந்நூறு பக்கத்துல எங்க ஆளு ஒருத்தன் குளிச்சதுகூட இல்லம்மா.”

“அப்ப இல்லாமலே இருந்துடுங்களேன் சார். தேர்தல் கிடையாது, வயசும் ஏறாது.”

ராணியிடம் ஒரு வார்த்தை கேட்கவேண்டாமா என்றார் தலைமை ஆசிரியர்.

“அவளுக்கு நான் இருந்தாலும் ஒண்ணுதான், இல்லாட்டியும் ஒண்ணுதான்,” என்றார் மன்னர்.

வெள்ளிக்கிழமை மாலை 'ம' வரிசை முடிந்தது. அவள் வேலை நிரந்தரமானது. 'மகுடகிரி என்றொரு நாடு இல்லை என்று இதனால் உறுதியளிக்கிறேன்' என்ற தாள் மூலச் சான்றாக இன்றும் கோப்பில் இருக்கிறது. முந்நூறு பக்கமும் மன்னருக்கு வாள்வீச்சுக் கற்றுக்கொடுத்த நாவலாசிரியர், எழுதக் கற்றுக்கொடுக்கவில்லை. தாளின் அடியில் இருப்பது கைநாட்டு.