நேற்றைய தேதியில் ஒரு மேலங்கி

2025 நவம்பர் 18, செவ்வாய்க்கிழமை, முற்பகல் பதினொன்று இருபது. அரூர்ப் பக்கம் விடியலிலிருந்து விட்டுவிட்டுத் தூறிக்கொண்டிருந்தது. ராஜமேரி தன் கணவனின் முகத்தை மழித்துக்கொண்டிருந்தாள். அன்று அந்த முகத்துக்கு அது இரண்டாவது சவரம். முதலாவதை விடிகாலை ஐந்து மணிக்கு அமல்தாஸே செய்துகொண்டான். ஆறு மணி ஷிப்டுக்குப் போனவன் ஒன்பது ஐம்பதுக்கு உலைவாயருகே சரிந்தான். ஆம்புலன்ஸிலிருந்து வீட்டு வாசலில் இறக்கியபோது அவன் தாடையில் ஒரு நாள் வளர்ச்சி வெள்ளையாகப் படிந்திருந்தது.

“பெரியவருக்கு என்ன வயசுங்க?” என்று ஓட்டுநர் கேட்டிருந்தான். படிவத்தில் எழுத வேண்டுமாம்.

“நாப்பத்தி மூணு.”

“உங்க வயசு இல்லீங்க. அப்பாவோடது.”

“அவரு என் வூட்டுக்காரருங்க.”

ஓட்டுநர் அதையே எழுதிக்கொண்டான். ஆலை மருத்துவர் இறப்புக்குக் காரணம் முதுமை என்று எழுதி, அதே வரியில் வயது நாற்பத்து மூன்று என்றும் எழுதிக் கையொப்பமிட்டிருந்தார். எழுதிய கைக்கு அதில் முரண் தெரியவில்லை.

அந்த ஆலையில் நிலைத்தகடு வார்த்தார்கள். விண்கலங்கள் போகும் வழியில் சில இடங்களில் காலம் தறிகெட்டு ஓடுமாம். அந்தக் கோளாறு கலத்துக்குள் புகாதபடி உட்சுவரில் வேய்வது இந்தத் தகடு. குளிர்ந்த தகடு காலத்தைக் காக்கும். உருகும் தகடோ, தான் தடுக்க வேண்டிய கோளாற்றையே கக்கும். உலைவாயில் நிற்பவர்கள் பன்னிரண்டு பேர். அவர்களுக்கு ஒரு ஷிப்டு என்பது ஒரு பகலும் ஓர் இரவும் கடந்து நீளும். சம்பளமும் சங்கும் அலுவலகக் கடிகாரப்படி. அலுவலகச் சுவர்களுக்குத் தகடு வேய்ந்திருந்தது.

ஆகவே அந்தப் பன்னிரண்டு வீடுகளிலும் எட்டு மணி நேர வேலைக்கு நான்கடுக்குக் கேரியரில் நான்கு வேளைச் சோறு போயிற்று. அடியடுக்கை எடுப்பதற்குள் சோறு ஊசிப்போகும். போன ஆண்டு அமல்தாஸ் உள்ளங்கையளவு கழிவுத் தகடு ஒன்றைச் சட்டைக்குள் மறைத்துக் கொண்டுவந்தான். பனியனில் நெஞ்சுப் பக்கமாகத் தைத்துத் தரச் சொன்னான்.

“இத்துனூண்டு தகடு உங்களக் காப்பாத்திருமா? சோத்துக்காவது ஆவட்டும், அடியடுக்குல போடுங்க” என்றவள் அவள்தான். அவன் சிரித்துவிட்டுப் போட்டான். அதன்பின் ஒரு நாளும் அடியடுக்குச் சோறு ஊசவில்லை.

சவரம் முடிந்தது. உலைவாயில் அவனுக்குப் பக்கத்து ஆளான சவுரியப்பன் கேரியரைக் கொண்டுவந்து வைத்தான். முப்பத்தாறு வயது, புருவம் நரைத்துவிட்டது. ராஜமேரி அடுக்குகளைப் பிரித்தாள். மேலிரண்டும் காலி. மூன்றாவது நுரைத்து நாறியது. அடியடுக்கைத் திறந்தாள். விடிகாலையில் வடித்த சோறு வடித்தபடியே இருந்தது. அவள் மூடினாள்.

பன்னிரண்டு மணிக்கு ஆலையின் பாதுகாப்பு அலுவலர் சந்திரமோகன் மலர்வளையத்தோடு வந்தார்.

“மால வாங்க மட்டும் உங்களுக்கு நேரம் சரியா ஓடுது சார்” என்றான் சவுரியப்பன்.

சந்திரமோகன் வளையத்தை வைத்துச் சிலுவைக் குறி இடுவதா வேண்டாமா என்று சற்றுத் தயங்கினார், பிறகு கும்பிட்டார், பிறகு கோப்பிலிருந்து இரண்டு தாள்களை எடுத்தார்.

“அம்மா, அமல்தாஸ் ஏப்ரல்ல ஒரு மனு குடுத்திருந்தாரு. கழிவுத் தகட்டுல உலைவாய் ஆளுங்களுக்கு மேலங்கி வேணும்னு. சாங்ஷன் ஆயிருச்சும்மா.”

அவள் கையைத் துடைத்துக்கொண்டு வாங்கினாள். மனுதாரர் அமல்தாஸுக்கு மேலங்கி ஒன்று வழங்கப்படுகிறது. அதை அணியாமல் பணிபுரிந்தால் நேரும் விளைவுக்கு நிர்வாகம் பொறுப்பன்று. கீழே கையொப்பம். தேதி, 17 நவம்பர். அவள் பெருவிரல் பட்ட இடத்தில் கையொப்பத்தின் நீல மை இழுபட்டது.

“நேத்து போட்டதுங்களா இது?”

“ஆமாம்மா. இதுல ஒண்ணு உங்களுக்கு. இன்னொண்ணுல, வாங்கிக்கிட்டேன்னு ஒரு கையெழுத்து போட்டுக் குடுங்க. நேத்து தேதியே போட்டுருங்க. சும்மா ஒரு ஃபார்மாலிட்டி.”

“போடாதீங்கக்கா” என்றான் சவுரியப்பன். “போட்டா, அங்கி குடுத்தும் அமலண்ணன் போட்டுக்கலன்னு ஆயிரும். எங்க பதினோரு பேருக்கும் இதையே காட்டுவாங்க.”

“நீ சும்மா இருப்பா. துக்க வூட்டுல அரசியல் பண்ணாத.” சந்திரமோகன் குரலைத் தாழ்த்தினார். “போடலன்னா ஃபைலை இதோட மூடிருவாங்கம்மா. அப்புறம் யாருக்கும் ஒண்ணும் வராது.”

“இவரு கேட்டது பன்னெண்டு பேருக்குங்க.”

“ஒவ்வொருத்தரா வரும்.”

ராஜமேரி சவுரியப்பனின் புருவத்தைப் பார்த்தாள். பாதிரியார் வந்துவிட்டார் என்று வெளியே யாரோ சொன்னார்கள். குடைகள் மடங்கும் ஓசை கேட்டது.

“பேனா குடுங்க.”

“அக்கா!”

“நீ இரு தம்பி.”

மூடிய அடியடுக்கை மடியில் வைத்து, அதன்மேல் தாளை விரித்தாள். எட்டாம் வகுப்பு வரை படித்தவள். மெதுவாக எழுதினாள், ஓர் எழுத்தைக்கூட அடிக்கவில்லை.

“18 நவம்பர் 2025, பகல் 12 மணி 20. என் கணவர் இறந்து இரண்டரை மணி நேரம் கழித்து இந்தத் தாள் என் கைக்கு வந்தது. அப்போது மை காயவில்லை. அவர் கேட்டது பன்னிரண்டு பேருக்கு. ஒருவருக்கு மட்டும் என்றால் ஏற்க மாட்டேன். அ. ராஜமேரி.”

நீலம் படிந்த பெருவிரலைத் தன் கையொப்பத்தின் பக்கத்தில் ஒரு முறை அழுத்தினாள். பிறகு தாளை நீட்டினாள்.

சந்திரமோகன் வாங்கிப் படித்தார். படித்தபின் தன் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். பன்னிரண்டு இருபத்தொன்று.