ஹரல்ட் டெட்லோவின் ஜேர்சி

கிறகோரி, புலம்பெயர்ந்து வந்த டண்டினொங் நகரில், ஒரு சரக்குக் கிடங்கில் இருபத்திரண்டு வருடம் கொள்கலன்களின் முத்திரையைச் சரிபார்த்து ஓய்வு பெற்றவர். வேலை விட்டுப் போனது, பழக்கம் போகவில்லை. "பூசையில நன்மை அப்பம் வாங்கப் போனாலும் அதைத் திருப்பிப் பாத்துத்தான் வாயில வைப்பியள்" என்று மனைவி ஞானமலர் சொல்லுவாள்.

ஆகவே, மைதானத்துக்குப் பக்கத்து வீட்டு மூதாட்டி ஜோன் பிரென்டிஸ் ஒரு பழைய ஜேர்சியைக் கொண்டுவந்து உதைபந்தாட்டக் கழகத்தின் மேசையில் விரித்தபோது, செயலாளர் கிறகோரிக்குத்தான் முதலில் கண் சுருங்கியது.

சிவப்புக் கம்பளித் துணி. முதுகில் கறுப்பில் பதினொன்று என்று தைத்திருந்தது. கூடவே ஓர் அணிப்படம்; அதில் நீண்ட நாடியோடு ஓரத்தில் நின்றவரை அவள் தொட்டுக் காட்டினாள்.

"என் அப்பா ஹரல்ட்," என்றாள் ஜோன். "இங்கிலாந்தில் கெல்ட்பரி டவுன் அணிக்கு எட்டு வருடம் இடது பக்கம் ஓடினார், 1934 வரைக்கும். 1950இல் இங்கே வந்து தொழிற்சாலையில் சேர்ந்தார். எனக்கு எண்பத்தேழாகிறது. நீங்கள் கட்டுகிற உடுப்பு மாற்றும் அறைக்கு அவர் பெயரை வைப்பீர்களா?"

தலைவர் சுஜீதனுக்குச் சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை. "எங்கள் செயலாளர் எல்லாவற்றையும் சரிபார்ப்பார், ஆனால் இதில் சரிபார்க்க என்ன இருக்கிறது!" என்று அவளுக்கு ஆங்கிலத்தில் சொல்லிச் சிரித்தான்.

அவள் போனதும் கிறகோரி இலக்கத்தைத் தொட்டுக் காட்டினார். "அந்த நாளையில இங்கிலாந்து லீக்கில முதுகில நம்பர் போடுறேல்லை. வழமையா வந்தது முப்பத்தொன்பதில. இவர் முப்பத்துநாலோட விட்டிட்டாராம்."

"விடுங்கோ அண்ணை. இந்த வயசில மனுசி பொய் சொல்லி என்ன காணப்போகுது?"

"அதைத்தான் நானும் யோசிக்கிறன்."

படத்தையும் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். பெயர்கள் இருக்கவேண்டிய அடிப்பட்டியைக் காணவில்லை. கிழியவில்லை, கத்தரிக்கோலால் நேராக வெட்டியிருந்தது.

கெல்ட்பரியின் பழைய பதிவேடுகளைப் பேணுகிற ஒருவருக்கு அன்றே மின்னஞ்சல் அனுப்பினார். சனிக்கிழமை வேலியோரம் நின்று ஆட்டம் பார்த்த ஜோனிடம், "அப்பா எத்தனை கோல் அடித்தார்?" என்று போகிறபோக்கில் கேட்டார். "அவர் அதைப் பற்றிப் பேசுவதில்லை," என்று அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். பெருமை பேச வந்தவள் கோல்கணக்குக் கேட்டால் ஏன் முகத்தைத் திருப்புகிறாள்?

ஒன்பதாம் நாள் பதில் வந்தது. பிரென்டிஸ் என்று ஒருவரும் அங்கே விளையாடியதே இல்லை. 1926 முதல் 1934 வரை இடது பக்கம் ஓடியவர் ஹரல்ட் டெட்லோ: இருநூற்று நாற்பத்தொரு ஆட்டம், ஐம்பத்தெட்டு கோல். ஓர் ஆட்டத்தைக் காசுக்கு விட்டுக்கொடுத்த குற்றத்துக்காக அவருக்கும் வேறு இருவருக்கும் ஆயுள்தடை. மற்ற இருவரும் ஒப்புக்கொண்டார்கள். டெட்லோ மறுத்தார். இணைத்திருந்த பத்திரிகைப் படத்தில் அதே நீண்ட நாடி, அதே முகம்.

முத்திரை உடைந்த கொள்கலனைக் கண்டுபிடித்த நாட்களில் வருகிற சந்தோஷம் கிறகோரிக்கு வந்தது.

"எண்பத்தேழு வயசு மனுசியிட்ட இதைக் கொண்டுபோய்க் காட்டப்போறியளோ?" என்றாள் ஞானமலர்.

"காட்டாமல்? பேரை மாத்திப்போட்டு எங்களை ஏமாத்தப் பாத்தவ."

தன் வீட்டில் ஜோன் தாள்களை வாங்கிக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டு தரம் வாசித்தாள். அவள் அழுவாள், அல்லது சண்டை பிடிப்பாள் என்று எதிர்பார்த்திருந்தார். அவளுடைய விரல் ஒரு சொல்லில் நின்றது.

"மறுத்தாரா? அப்படித்தான் எழுதியிருக்கிறதா?"

"ஓம்… ஆமாம்."

பிரென்டிஸ் என்பது அம்மாவின் குடும்பப் பெயர் என்றாள். பெயர்ப்பட்டியை வெட்டியவளும் அம்மாதான். இங்கே தொழிற்சாலை அணிக்கு நாற்பத்தேழு வயதில், தடை இருக்கும்போதே, அந்தப் பெயரில் அவர் இரண்டு பருவம் விளையாடினார்; இலக்கம் அப்போது தைத்தது. ஜோனுக்குப் பதினைந்து வயதில், இங்கிலாந்திலிருந்து புதிதாக வந்த ஒரு தொழிலாளி அவரை அடையாளம் கண்டு வாசலில் நின்று கத்திவிட்டுப் போனான். "அன்றிரவு, 'காசு வாங்கினீர்களா?' என்று கேட்டேன். எழுந்து வீட்டுப் பின்வளவுக்குள் போய்விட்டார். பிறகு கேட்கவில்லை. 1971இல் செத்துப்போனார்."

"தெரிந்துகொண்டும் ஏன் எங்களிடம் விட்டுவிட்டுப் போனீர்கள்?"

"நீங்கள் எல்லாவற்றையும் சரிபார்ப்பவர் என்று உங்கள் தலைவர் சொன்னாரே. படத்தைத் திருப்பிக் கேட்கலாம் என்று வீட்டுக்குப் போகும் வழியில் நினைத்தேன். கேட்கவில்லை. ஐம்பது வருடமாக, கெல்ட்பரிக்கு ஒரு கடிதம் எழுதிக் கேட்க எனக்குத் துணிவு வரவில்லை."

தன்னை வைத்துக் காரியம் பார்த்துவிட்டாள் என்று கிறகோரிக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. அதற்குள் அவள் அடுத்த தாளைப் பிடித்துவிட்டாள். சந்தேகத்துக்குரிய அந்த ஆட்டத்தின் செய்தி. கெல்ட்பரி ஒன்றுக்கு மூன்றென்று தோற்றது. அந்த ஒன்றை அடித்தவர் டெட்லோ.

"பாருங்கள், அப்பா கோல் அடித்திருக்கிறார்!"

கிறகோரி பேசாமல் இருந்திருக்கலாம். அவரால் முடியவில்லை. "எண்பத்தெட்டாவது நிமிடம். மூன்று கோலும் வாங்கி முடிந்த பிறகு. கண்துடைப்புக்கும் அடித்திருக்கலாம்."

ஜோன் கண்ணாடியைக் கழற்றித் தாளின்மேல் வைத்தாள். "விற்றிருக்கலாம் என்று எனக்கும் தோன்றியதுண்டு," என்றாள். "ஆனால் இந்த வீட்டில் யாரும் அதை வாய்விட்டுச் சொன்னதில்லை. அறைக்குப் பெயர் வேண்டாம். ஜேர்சியை மட்டும் வையுங்கள். அவருடைய சொந்தப் பெயரில்."

கூட்டத்தில் சுஜீதன் கொதித்தான். "களவில பிடிபட்டவன்ர ஜேர்சியோ? பிள்ளையளுக்கு என்னெண்டு சொல்லுறது?"

"பிரென்டிஸ் எண்டு போட்டாத்தான் பொய். டெட்லோ எண்டு போடுவம். தடையையும் போடுவம், மறுத்ததையும் போடுவம்."

இரண்டு வாக்கு வித்தியாசத்தில் ஒப்புக்கொண்டார்கள்.

அறை திறந்த ஞாயிற்றுக்கிழமை, கண்ணாடிப் பெட்டிக்குக் கீழிருந்த மூன்று வரிகளையும் ஜோன் மெல்ல வாசித்தாள். கிரெய்கிபர்ன் அணியோடு வந்த ஒருவர் கிறகோரியின் தோளைத் தட்டினார்.

"உந்த ஆள் உண்மையில மட்சை வித்தவரோ, இல்லையோ?"

"இருநூற்றி நாப்பத்தொரு மட்ச் விளையாடினவர். அது உறுதி."

"மற்றது?"

"மற்றது எனக்குத் தெரியாது," என்றுவிட்டு, நின்றுகொண்டே இருந்த ஜோனுக்கு ஒரு கதிரை தேடிப் போனார் கிறகோரி.