முதுகில் சிவப்புத் துணி

நான் சொல்லப்போவதில் எது நடந்தது, எது பிறகு நானாகச் சேர்த்துக்கொண்டது என்று எனக்கே முழுதாகத் தெரியாது. ஒரே விஷயத்தைப் பொலிஸில் ஒரு தடவையும் நீதிமன்றத்தில் ஒரு தடவையும் மனசுக்குள் கணக்கில்லாமலும் சொல்லிப் பார்த்தவள் நான். அன்று காலை மழை பெய்ததா, வெறும் மூட்டம்தானா என்று இப்போது கேட்டால் சத்தியம் பண்ண மாட்டேன். சிவப்புத் துணியைப் பார்த்தேன். அதை மட்டும் சொல்லலாம்.

டிக்கோயாவுக்கு மேலே எங்கள் தேயிலைத் தோட்டத்தின் மேல் டிவிசனில் மூன்று லயங்கள், வரிசை வரிசையாக அறுபத்திரண்டு வீடுகள். கீழே ஓடையருகே ஒரு சின்ன அறையில் மோட்டார் இருந்தது. அதுதான் தாங்கிக்குத் தண்ணீர் ஏற்றும். அந்த அறையின் சாவி பத்து வருடமாகக் கஜேந்திரன் அண்ணனிடம் இருந்தது. அவர் தேயிலைச் செடிகளைக் கவ்வாத்து வெட்டுகிறவர். காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்குப் போகுமுன் ஓடைக்கு இறங்கி மோட்டாரைப் போட்டுவிட்டுப் போவார். நான் பிள்ளைக்காம்பராவில் வேலை செய்கிறேன். தாய்மார் கொழுந்தெடுக்கப் போகும்போது கைக்குழந்தைகளை எங்களிடம் விட்டுப் போவார்கள். அதன் சன்னலில் நின்றால் ஓடைப் பாதை தெரியும்.

பெற்றோலுக்கும் எரிவாயுவுக்கும் நாடே வரிசையில் நின்ற வருடம், ஆகஸ்டில் ஒரு நாள் மோட்டார் காணாமல் போனது. பூட்டு அப்படியே தொங்கியது. கதவின் கீல்களைக் கழற்றியிருந்தார்கள். உள்ளே இருக்கும் செம்புக் கம்பிக்காகத்தான் எடுத்திருப்பார்கள் என்று எல்லோரும் சொன்னார்கள். பொலிஸார் வந்து என்னிடம் கேட்டபோது நான் யோசிக்கவே இல்லை. விடிந்து கொஞ்ச நேரத்தில் கஜேந்திரன் அண்ணன் ஒரு சாக்கைத் தோளில் போட்டுக்கொண்டு ஓடைப் பக்கமிருந்து மேலே ஏறிப் போனார் என்றேன். முகம் தெரிந்ததா என்று அவர்கள் கேட்கவில்லை. நானும் அதை முக்கியமாக நினைக்கவில்லை.

அவரை எப்படித் தெரியும் என்றால், மழைக்கோட்டினால். ஒரு தொண்டு நிறுவனம் வீட்டுக்கு ஒன்றாக எங்களுக்கு மழைக்கோட்டுக் கொடுத்திருந்தது. எல்லாம் ஒரே கருநீலம், ஒரே அளவு. கஜேந்திரன் அண்ணனுடைய கோட்டு ஒருமுறை கவ்வாத்து வெட்டிய குச்சியில் மாட்டி முதுகில் கிழிந்துவிட்டது. அவர் மனைவி லெட்சுமி தன்னுடைய பழைய சட்டைத்துணியை வெட்டி ஒட்டுப் போட்டாள். நல்ல சிவப்பு. மலையின் அந்தப் பக்கம் நின்றாலும், அதோ கஜேந்திரன் போகிறான் என்று சொல்லிவிடலாம்.

அன்று தாங்கி நிறைந்திருந்ததால் ஓடைக்கு இறங்கவில்லை என்றும், முந்தின நாள் மழைக்கோட்டைக் கொழுந்து நிறுக்கும் மடுவத்தில் மாட்டிவிட்டு வந்ததாகவும், மறுநாள் மத்தியானம்தான் எடுத்ததாகவும் அவர் சொன்னார். யாரும் கேட்கவில்லை. பதினொரு நாள் உள்ளே இருந்துவிட்டுப் பிணையில் வந்தார்.

வழக்கு இழுத்தது. தவணைக்குத் தவணை ஹட்டன் நீதிமன்றத்துக்குப் போனேன். தோட்டத்திலிருந்து காலையில் ஒரே ஒரு பஸ். அதில் கஜேந்திரன் அண்ணனும் லெட்சுமியும் இருப்பார்கள். லெட்சுமியும் நானும் ஒரே பள்ளிக்கூடத்தில் ஒரே வாங்கில் இருந்து படித்தவர்கள். அந்த பஸ்ஸில் எங்களுக்கிடையில் ஒரு சொல் கிடையாது. ஒருநாள் இடமில்லாமல் என் பக்கத்திலேயே அவள் உட்கார வேண்டி வந்தது. டிக்கோயா வளைவில் பஸ் சாய்ந்தபோது அவள் தோள் என் தோளில் முட்டியது. இரண்டு பேரும் நகரவில்லை. இறங்கும்வரை வெளியே பார்த்துக்கொண்டிருந்தோம். அந்த மௌனத்தில் அவள் என்னைத் திட்டிக்கொண்டு வந்தாள் என்று வெகுநாள் நினைத்தேன். பிள்ளைக்கு மருந்து வாங்க வேண்டும், மறந்துவிடக் கூடாது என்று நினைத்துக்கொண்டு வந்ததாகப் பின்னாளில் சொன்னாள்.

என்னைச் சாட்சிக் கூண்டில் ஏற்றிய நாளில் கஜேந்திரன் அண்ணனுடைய சட்டத்தரணி மெல்லிய குரலில் இரண்டே கேள்வி கேட்டார். மொழிபெயர்ப்பாளர் அதைத் தமிழில் சொன்னார். முகத்தைப் பார்த்தீர்களா என்பது முதலாவது. இல்லை என்றேன். அந்தக் கோட்டை வேறு யாரும் போடுவதில்லையா என்பது இரண்டாவது.

அங்கேதான் எனக்கு எல்லாம் நின்றுபோனது. எங்கள் மடுவத்தில் கோட்டுகளைக் கழற்றி ஒரு கம்பியில் மாட்டுவார்கள். பிள்ளைக்காம்பரா வாசலிலும் ஒரு கம்பி இருக்கிறது. மழை கொட்டும்போது அவசரமாக வெளியே போகிறவர் கைக்குக் கிட்ட இருப்பதைப் போட்டுக்கொண்டு போவார். திரும்பி வந்து மாட்டுவார், அல்லது அப்படியே வீட்டுக்குப் போய் இன்னொரு நாள் மாட்டுவார். யாரும் இதை இரவல் என்றுகூடச் சொல்வதில்லை. நானே எத்தனை தடவை அப்படிப் போயிருக்கிறேன். தினமும் கண்ணெதிரே நடப்பதனாலேயே அதுவரை அது என் நினைவுக்கு வரவில்லை.

நீதவான் பதில் சொல்லுங்கள் என்றார். நெடுநேரம் நின்றேன் என்று நினைவு. லெட்சுமி சொல்கிறாள், ஒரு நிமிடம்கூட இல்லையாம்.

"எனக்கு நிச்சயமில்லங்க ஐயா" என்றேன்.

வேறு சாட்சி இல்லை. சந்தேகத்தின் பலனைக் கொடுத்து அவரை விடுதலை செய்தார்கள்.

விடுதலை என்றால் முடிந்துவிடும் என்று நினைத்திருந்தேன். லயத்தில் அப்படி முடியவில்லை. ஆதாரம் இல்லை என்று விட்டார்களே தவிர எடுக்கவில்லை என்று சொல்லவில்லையே என்றார்கள் பாதிப் பேர். நான் பேச்சை மாற்றியவள் என்றார்கள் மிச்சப் பேர். கோயில் திருவிழாவில் கஜேந்திரன் அண்ணன் வழக்கமாகக் காவடிக்கு முன்னால் தீப்பந்தம் பிடிப்பவர். அந்த வருடம் அவரிடம் யாரும் கேட்கவில்லை. அவரும் வாசலில் உட்கார்ந்திருந்தார். தண்ணீருக்குப் பெண்கள் குடங்களோடு ஓடைக்கு இறங்கினார்கள். அந்தப் பாதை அவர் வாசலைத் தாண்டித்தான் போகிறது. ஒவ்வொரு குடமும் அவரைப் பார்த்துக்கொண்டு போனது போல் எனக்கிருக்கும்.

எனக்கும் ஏதோ ஆகிவிட்டது. பிள்ளைகளைத் தூங்கவைத்துத் தலைகளை எண்ணுவேன். பதினேழு. வாசல்வரை போய் மறுபடி வந்து எண்ணுவேன். அடுப்பை அணைத்ததைப் பார்த்த பிறகும் தொட்டுப் பார்ப்பேன். நான் பார்த்ததை நானே நம்ப முடியாமல் போனது. ஒருமுறை அவ்வளவு உறுதியாக ஒரு பிழையைச் சொன்னவள், அல்லது உண்மையைச் சொல்லிவிட்டுப் பின்வாங்கியவள். இரண்டில் எது என்று எனக்குத் தெரியாது.

போன வருடம் ஜூனில் புது மோட்டார் வந்தது. டிக்கோயாவில் கடை வைத்திருக்கும் ஜமால்தீன் முதலாளி லொறியில் ஏற்றிவந்து இறக்கினார். மோட்டாரைப் பார்த்துக்கொள்ள ஒரு ஆள் பெயரும், அவருக்குப் பொறுப்பாக இன்னொருவர் கையெழுத்தும் வேண்டும், இல்லாவிட்டால் பழுது பார்த்துத்தரும் உத்தரவாதம் கிடையாது என்றார். அந்த ஞாயிறு மத்தியானம் குடிநீர்ச் சங்கம் பிள்ளைக்காம்பராவில் கூடியது. நல்ல மழை. வந்தவர்கள் எல்லோரும் கோட்டைக் கழற்றி வாசல் கம்பியில் மாட்டிவிட்டு, பிள்ளைகளின் குட்டி வாங்குகளில் முழங்கால் முகத்தில் முட்ட உட்கார்ந்தார்கள்.

சங்கத் தலைவர் இராமையா, சாவி யாரிடம் என்று கேட்டார். மோட்டார் வேலை தெரிந்தவர் ஒருவர்தான் என்பது எல்லோருக்கும் தெரியும். அவர் பின் வரிசையில் இருந்தார். சாவியைக் கேட்க மாட்டார் என்று நினைத்தேன். எழுந்து கேட்டார். சட்டைப் பையிலிருந்து பிளாஸ்டிக் உறையிட்ட ஒரு தாளை எடுத்துச் செயலாளர் பிரதாப்பிடம் கொடுத்தார். நீதிமன்றம் கொடுத்தது. அது சிங்களத்தில் இருந்தது. பிரதாப் வாசித்துவிட்டு, இவர் குற்றவாளி என்று தீர்க்கப்படவில்லை, விடுவிக்கப்பட்டார், அவ்வளவுதான் இருக்கிறது என்றான்.

முன்னால் இருந்த வீரம்மா அக்கா விடவில்லை. அவர் கொழுந்தெடுப்பதிலும் பேச்சிலும் யாருக்கும் பின்னால் நிற்காதவர்.

"இவரு எடுக்கலன்னு அதுல எங்கயாச்சும் எழுதியிருக்கா?"

"அப்பிடி யாருக்கும் எழுதித் தரமாட்டாங்கம்மா" என்றான் பிரதாப். "ஒங்களுக்குந்தான் அப்பிடி ஒரு பேப்பர் இல்ல."

"எனக்கு எதுக்குடா பேப்பரு? நான் வெத்தல பாக்கத் தவிர வேற எதையும் எடுத்ததில்ல."

சிரித்தார்கள். கஜேந்திரன் அண்ணன் சிரிக்கவில்லை. தாளை வாங்கி மடிக்க முடியாமல் கையில் வைத்துக்கொண்டு நின்றார். லெட்சுமி என்னைப் பார்த்தாள். மூன்று வருடத்தில் முதல்முறை. நான் எழுந்தேன். என்ன சொல்லப்போகிறேன் என்று எழும்போது எனக்குத் தெரியாது.

அன்றைக்கு நான் பார்த்தது கோட்டை, ஆளை அல்ல என்றேன். பொலிஸில் ஆளைப் பார்த்ததாகச் சொன்னது என் பிழை என்றேன். கோர்ட்டில் சொன்னதை இங்கே ஏன் இதுவரை சொல்லவில்லை என்று யாரோ கேட்டார்கள். பயம் என்றேன். வீரம்மா அக்கா என் பக்கம் திரும்பினார்.

"அப்ப அவரு எடுக்கலங்கிறியா?"

"அதுவும் தெரியாதுங்கக்கா."

"என்னாடி புள்ள இது. ஒண்ணு ஆமான்னு சொல்லு, இல்ல இல்லன்னு சொல்லு. நடுவுல நின்னா நாங்க எங்கிட்டுப் போறது?"

எனக்கும் அதே கேள்விதான். சண்டை வந்துவிடும் போலிருந்ததால், பொறுங்கள், வெளியே போய்விட்டு வருகிறேன் என்று சொல்லி இராமையா எழுந்து போனார். வயதான மனிதர், அவரால் அவ்வளவு நேரம் உட்கார முடியாது. யாரும் அவரைக் கவனிக்கவில்லை. வீரம்மா அக்கா மறுபடி என்னைக் கேட்க வாய் திறந்தவர், வாசல் பக்கம் பார்த்துவிட்டு நிறுத்தினார். மழைக்குள் ஒரு முதுகு பாதையில் இறங்கிப் போய்க்கொண்டிருந்தது. முதுகில் சிவப்புத் துணி.

"பாத்தீங்களா, பேச்சு முடியுமுன்ன எந்திரிச்சுப் போறத" என்றார். "மடியில கனமில்லன்னா ஏன் போகணும் இந்தக் கஜேந்திரன்?"

"நான் இங்கதாங்க இருக்கேன்" என்றார் கஜேந்திரன் அண்ணன், அவருக்குப் பின்னாலிருந்து.

வீரம்மா அக்கா திரும்பி அவரைப் பார்த்தார். பிறகு வாசலைப் பார்த்தார். மறுபடி அவரைப் பார்த்தார். எல்லோரும் ஒரே நேரத்தில், அவரவர் போட்டுவந்த கோட்டு யாருடையது என்று யோசிப்பது தெரிந்தது. இராமையா நனைந்த கோட்டோடு திரும்பி வந்து, ஏன் எல்லோரும் என்னை இப்படிப் பார்க்கிறீர்கள் என்று கேட்டபோதுதான் முதல் சிரிப்பு வெடித்தது. அவர் முதுகைத் திருப்பிக் காட்டச் சொன்னார்கள். காட்டினார். பிரதாப் போய்க் கம்பியிலிருந்த கோட்டுகளின் கழுத்துப்பட்டியில் பெயின்ட்டால் எழுதியிருந்த வீட்டு இலக்கங்களை வாசித்தான். வீரம்மா அக்கா போட்டுவந்தது பதினாலாம் வீட்டுக்காரருடையது. அவருடையதை ஒரு வருடமாகக் கீழ் லயத்தில் யாரோ போட்டுக்கொண்டிருந்தார்கள்.

சிரிப்பு அடங்கியதும் வீரம்மா அக்கா என்னிடம், நீயும் இப்படித்தான் பார்த்தாயா என்று கேட்டார். தலையாட்டினேன். அவர் அதற்குமேல் எதுவும் கேட்கவில்லை.

சாவியைக் கஜேந்திரன் அண்ணனுக்குக் கொடுக்கச் சம்மதித்தார்கள். எல்லோரும் கை தூக்கவில்லை. நான்கைந்து பேர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பொறுப்புக்குக் கையெழுத்து யார் என்று பிரதாப் கேட்டான். நான் போடுகிறேன் என்றேன். நிச்சயம் வந்தபிறகு போடலாம் என்றிருந்தால் நான் சாகும்வரை போட்டிருக்க மாட்டேன்.

கூட்டம் கலைந்தபின் வாங்குகளை அடுக்கிக்கொண்டிருந்தேன். கஜேந்திரன் அண்ணன் உதவிக்கு வந்தார். கடைசி வாங்கை வைத்துவிட்டுச் சொன்னார்:

"எல்லாரும் சொல்லிச் சொல்லி, சில நாள்ல எனக்கே சந்தேகமா போயிரும். நம்மதான் அன்னைக்குக் கீழ எறங்குனமோன்னு."

"நீங்க எறங்கலங்கண்ணே."

"நெசமா நம்புறீங்களா?"

நான் அவரைப் பார்த்தேன். பொய் சொல்லக் கூடாது என்று நினைத்தேன். "நம்புறதுன்னு முடிவு பண்ணிட்டேன்" என்றேன். அவர் கொஞ்சம் யோசித்துவிட்டு, சரி, நாளைக்குக் காலையில் தாங்கியைக் கழுவ வேண்டும், இரண்டு வாளி தருவீர்களா என்று கேட்டார்.

மறுநாள் பத்து மணிக்குப் பிள்ளைக்காம்பராக் குழாயில் முதலில் காற்று வந்தது, பிறகு செம்மண் நிறத்தில் கொஞ்சம், பிறகு தண்ணீர்.

பழைய மோட்டாரை எடுத்தது யார் என்று இன்றுவரை தெரியவில்லை. சாவி கஜேந்திரன் அண்ணனிடம் இருக்கிறது. இந்த வருடத் திருவிழாவில் அவர்தான் பந்தம் பிடித்தார். லெட்சுமி சிவப்பு ஒட்டைப் பிரித்துவிட்டுக் கருநீலத் துணி வைத்துத் தைத்தாள். நாங்கள் இப்போது பஸ்ஸில் பேசிக்கொண்டு போகிறோம், நிறைய அல்ல. இராமையா தலைவர் பதவியை விட்டுவிட்டார், பிரதாப் அந்த இடத்துக்கு வந்திருக்கிறான். வீரம்மா அக்காவின் கோட்டு திரும்பக் கிடைத்தது, பிறகு மறுபடி தொலைந்தது. நான் பிள்ளைகளை இன்னும் எண்ணுகிறேன். ஒரு தடவைதான்.