கடித்த நாயின் பல்

அண்ணனுக்குக் குடும்பத்தில் 'மேனேஜர்' என்று பெயர். எந்த அலுவலகமும் அவனுக்கு அந்தப் பதவியைக் கொடுத்ததில்லை. வீட்டில் இருப்பவர்களை மேய்த்தே அந்த ஆசையைத் தீர்த்துக்கொண்டான். அன்று கையில் கட்டோடு, கால்நடை மருத்துவரான தங்கையின் கிளினிக்குக்கு வந்தான். பின்னால் அண்ணி, வாய்க்கூடு மாட்டிய நாயோடு.

"ஊசி போட்டு முடிச்சிடு. சோறு போட்ட கையையே கடிச்சிடுச்சு. திமிரு."

"திமிருன்னு யார் சொன்னா?"

"வீடியோல பார்த்தேன். யார் எஜமான்னு காட்டணுமாம். மல்லாக்கப் போட்டு அமுக்கினேன். அப்பதான் கடிச்சுது."

"என்னை அமுக்கினா நானும்தான் கடிப்பேன். நீ வெளிய உக்காரு."

அவன் முறைத்துக்கொண்டே போனான். தங்கை கேட்டாள், "எப்பல்லாம் உறுமுது அண்ணி?"

"கழுத்துப் பட்டை மாட்டப் போனா உறுமுதும்மா. பிஸ்கட்டை வாங்கி, மெல்லாம கீழ போட்டுடுது."

தங்கை நாயை மேசைமேல் ஏற்றவில்லை. தரையில் பக்கவாட்டாக உட்கார்ந்து, அதன் கண்ணைப் பார்க்காமல் சுவரைப் பார்த்தாள். காதுகளை ஒடுக்கி மூலையில் நின்ற நாய், கொஞ்சம் கொஞ்சமாக வந்து அவள் முழங்காலை முகர்ந்தது. நெஞ்சைத் தடவ விட்டது. இடது கன்னத்தைத் தொட விட்டது. கை வலது பக்கம் போனதும் உடம்பு கட்டையாக விறைத்தது. இது திமிரா? வலிக்குது, தொடாதே என்று இதைவிடத் தெளிவாக எந்த மனிதன் சொல்லியிருக்கிறான்?

மயக்கம் கொடுத்து, வாய்க்கூட்டைக் கழற்றி அதன் வாயைத் திறந்தாள். வலது கடைவாய்ப் பல் பிளந்து, வேரில் சீழ்.

"பல்லு சுத்தமாகும்னு நான்தான் பெரிய எலும்பா வாங்கிப் போட்டேன்" என்றான் கதவருகே வந்து எட்டிப் பார்த்த அண்ணன், ஏதோ விருது வாங்கப் போகிறவன் மாதிரி.

"அதைக் கடிச்சுதான் பிளந்திருக்கு. அதுவும் வீடியோவா?"

பல்லைப் பிடுங்கியதும் நாய் பழையபடி ஆனது.

அடுத்து உறவினர்கள் கூடிய விருந்தில் அண்ணன் மார்தட்டிக்கொண்டிருந்தான். "கண்டிப்பு வேணும் சித்தப்பா. நான் ஒரு அமுக்கு அமுக்கினேன், நாய் வழிக்கு வந்துடுச்சு." தங்கை வாயைத் திறக்கப் போனாள். அண்ணி மேசைக்கடியில் அவள் காலை மிதித்தாள். விருந்தாவது ஒழுங்காக முடியட்டும் என்று. சித்தப்பா மட்டும் பயபக்தியோடு கேட்டுக்கொண்டிருந்தார்.

அந்த வாரமே சித்தப்பா தன் பூனையைக் கூடையில் தூக்கிக்கொண்டு கிளினிக்குக்கு வந்தார், முகமெல்லாம் கீறலோடு.